கப்பல் காட்டுத் திருடி

முப்பத்தொரு மரங்களின் அடியில் சிவப்புச் சாயத்தால் பெருக்கல் குறி போட்டிருந்தார்கள். திங்கட்கிழமை காலை, தோட்டக்காரி பஞ்சாலை விளக்குமாறும் கையுமாக அவற்றை எண்ணிக்கொண்டே நடந்தாள். பன்னிரண்டு வரைக்கும்தான் எண்ணினாள். அதற்கு மேல் எண்ண வேண்டியிருக்கவில்லை. மீதி எந்தெந்த மரங்கள் என்று கண்ணைக் கட்டிவிட்டாலும் சொல்லிவிடுவாள். அவற்றைச் சாவுக்கு வரிசை கட்டி நிறுத்தியதே அவள்தான். அதுவும் நாற்பது வருஷத்துக்கு முன்னால், காப்பாற்றுகிறேன் பேர்வழி என்று.

அந்தக் கூத்தைப் பிறகு சொல்கிறேன். முதலில் இந்த இடத்தைப் பற்றிக் கொஞ்சம் தெரிந்தாக வேண்டும்.

கோலா கிளாவாங் போகிற மலைப்பாதையில் கல்லுமலைத் தோட்டம் என்று ஒன்று இருந்தது. இருந்தது என்றுதான் சொல்ல வேண்டும். கித்தா என்கிற ரப்பர் மரம் போய்ச் செம்பனை வந்தது. செம்பனையும் போய், இப்போது வீடமைப்புக் கம்பெனியின் மஞ்சள் பலகை வந்து நிற்கிறது. தொழிலாளர்கள் குடியிருந்த லயத்து வீடுகளை இடித்தாகிவிட்டது. ஜனங்கள் பாரோய்க்கும் அம்பாங்கானுக்கும் போய், அடுக்குமாடிகளில் ஒண்டிக்கொண்டார்கள். மிஞ்சியது பதினாலு ஏக்கர் மரக்கூட்டம் ஒன்றுதான். அதற்குத் தோட்டத்து ஜனம் வைத்த பெயர் கப்பல் காடு.

ஜப்பான்காரன் வருவதற்கு முன்னால் இங்கே இருந்த வெள்ளைக்கார துரைக்கு மரக் கிறுக்கு. உலகத்தில் எங்கெங்கே தாவரப் பூங்கா இருக்கிறதோ அங்கெல்லாம் கடுதாசி போட்டார். இலங்கையிலிருந்து, ஜாவாவிலிருந்து, சிங்கப்பூரிலிருந்து, லண்டனிலிருந்து என்று கன்றுகள் கண்ணாடிப் பெட்டிகளுக்குள் உட்கார்ந்து கப்பலேறி வந்தன. பெட்டியைத் திறந்து பார்த்துவிட்டு, மரத்தின் லத்தீன் பெயரோடு தன் பெயரையும் பேரேட்டில் எழுதிவிட்டு, துரை தேநீர் குடிக்கப் போய்விட்டார். குழி வெட்டியது யார்? மண்ணெண்ணெய் டின்னில் ஓடைத் தண்ணீரைச் சுமந்து ஊற்றியது யார்? லயத்து ஜனம்தான். பால் வெட்டுகிறவர்களுக்கு ஆளுக்கொரு நிரை பிரித்துக் கொடுப்பதுபோல, வீட்டுக்கு ஒரு மரம் என்று, வேலை வாங்குகிற தண்டல் பிரித்துக் கொடுத்தார். கன்று வாடினால் அந்த வீட்டுக்கே வசவு விழும்.

அதனால் ஒவ்வொரு மரத்துக்கும் இரண்டு பெயர். துரை எழுதிய லத்தீன் பெயர் ஒன்று, லயத்துப் பெயர் ஒன்று. வீராயி தண்ணீர் ஊற்றியது வீராயி மரம். சின்னான் குடும்பம் பார்த்தது சின்னான் மரம். மாட்டுப் பொங்கலன்று ஒவ்வொரு வீடும் தன் மரத்தடியில் இலை போட்டுப் படைக்கும். மாடு வளர்க்க வழியில்லாத லயத்தில் மரத்துக்கே மஞ்சள் பூசி, மாலை போட்டு, மாட்டுக்குச் செய்கிற மரியாதையெல்லாம் செய்தார்கள். சிரிக்காதீர்கள். அந்தப் பழக்கம் இல்லையென்றால் எந்த மரம் யாருடையது என்று இன்றைக்கு ஒருவருக்கும் தெரிந்திருக்காது.

பஞ்சாலை அங்கே பிறந்தவள் இல்லை. பத்தொன்பது வயதில், தோட்டத்து லாரி ஓட்டிக்கொண்டிருந்த கணேசமூர்த்தியைக் கட்டிக்கொண்டு வந்தவள். கணேசமூர்த்தியும் வேறு தோட்டத்து ஆள். ஆகவே அவர்களுக்கென்று மரம் கிடையாது. முதல் மாட்டுப் பொங்கலுக்கு லயமே கப்பல் காட்டுக்குப் போனபோது அவள் வாசலில் தனியாக நின்றாள். பார்த்த வீராயிக் கிழவி, “ஏய் புதுப்பொண்ணு, என்ன மொறச்சிக்கிட்டு நிக்கிற? வந்து என் எலையில உக்காரு,” என்று கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போனாள். அன்றிலிருந்து பஞ்சாலைக்குக் கப்பல் காட்டின்மேல் ஒரு பைத்தியம். பிற்பாடு அங்கேயே தோட்டக்காரியாக வேலைக்குச் சேர்ந்து, இப்போது அறுபத்தொரு வயதிலும் கூட்டிக்கொண்டிருக்கிறாள்.

சிவப்புக் குறி போட்டவன் ஹேமநாதன், கம்பெனியின் தளப் பொறுப்பாளன். அம்பாங்கான்காரன், முப்பத்தைந்து வயது, பழகுவதற்கு நல்ல பிள்ளை. பஞ்சாலை விளக்குமாற்றோடு அவன் எதிரில் போய் நின்றாள்.

“தம்பி, இது என்ன குறி?”

“அதுவா ஆன்ட்டி, வெள்ளிக்கிழமை வெட்டுற மரம் லா. நீங்க பயப்படாதீங்க. தகடு அடிச்ச மரம் எல்லாம் அப்படியே இருக்கும். போட்டானிக் கார்டன்னு போர்டு போட்டு, இங்க கட்டுற தாமான் வீட்டு ஜனங்களுக்குத் திறந்துவிடப் போறோம். தகடு இல்லாத இந்த முப்பத்தொண்ணு மட்டும்தான் போகுது. கார் பார்க் வரணும்ல?”

“தகடு இல்லன்னா வெட்டிடுவீங்களா?”

“கவுன்சில் பேப்பர்ல அப்படித்தான் இருக்கு. தகடு உள்ளதெல்லாம் கலெக்‌ஷன், அதைத் தொடக்கூடாது. இதெல்லாம் சும்மா முளைச்ச மரம்.”

“சும்மா முளைச்சதா!” பஞ்சாலைக்குச் சுருக்கென்று ஏறியது. “அந்தா நிக்குதே, வீராயி மரம், அது பிரேசில் நாட்டு மரம். காய் தலையில விழுந்தா ஆளு காலி. உடைச்சுப் பாரு, உள்ள கொட்டைய ஆரஞ்சுச் சுளை மாதிரி அடுக்கி வச்சிருக்கும். அது இங்க காக்கா எச்சத்துலயா முளைச்சுது? நீ காப்பாத்தி வச்சிருக்கியே, அதுல பாதி அக்கேசியா. ரோட்டோரத்துல எல்லாம் கெடக்கு.”

“எனக்கென்ன தெரியும் ஆன்ட்டி? நான் பேப்பரைத்தான் பார்க்க முடியும்.” குரலைத் தணித்துக்கொண்டான். “உங்களுக்குத்தான் நல்ல சேதி இருக்கே. பாஸ்கிட்ட பேசிட்டேன். கார்டன் திறந்ததும் நீங்கதான் ஹெட் கார்டனர். பின்னால கட்டுற குவார்ட்டர்ஸ்ல முதல் வீடு உங்களுக்கு. அங்கிளும் நீங்களும் நிம்மதியா இருக்கலாம்.”

நிம்மதியாம்! பஞ்சாலை வாயைத் திறக்காமல் திரும்பினாள். வாயைத் திறந்தால் நாற்பது வருஷத்து ரகசியம் வெளியே வந்து விழுந்துவிடும்.

அந்தக் கூத்து இதுதான். எண்பத்து மூன்றாம் வருஷம் ஏழாம் நம்பர் வெளி என்கிற பகுதியில் இருந்த கித்தா மரங்களை அழித்துச் செம்பனை நடப்போகிறோம் என்றார்கள். முதலில் கணக்கெழுதுகிற கிராணி ஒரு பையோடு வந்து, மரத்தை எண்ணி, நிரைக்கு நிரை நம்பர் போட்ட தகடு அடித்தார். அடுத்த வாரம் பட்டையைச் சீவி மருந்து தடவினார்கள். ஒரு மாதத்தில் வெளி முழுக்க இலை உதிர்ந்து எலும்பாக நின்றது. நாற்பது குடும்பத்துக்கு வேலை போயிற்று. தகடு வந்தால் பின்னாலேயே சாவு வரும் என்பதைத் தோட்டத்து ஜனம் கண்ணால் பார்த்துத் தெரிந்துகொண்டது.

சரியாக அந்தச் சமயத்தில்தான் கோலாலம்பூரிலிருந்து இரண்டு பேர் காரில் வந்து, கப்பல் காட்டு மரங்களில் பளபளவென்று தகடு அடித்துவிட்டுப் போனார்கள். மரத்தின் பெயரும் நம்பரும் எழுதிப் பாதுகாக்க வந்த புண்ணியவான்கள் அவர்கள். அதை லயத்தில் ஒருவருக்காவது சொன்னார்களா? கூலிக்காரர்களிடம் என்ன சொல்ல இருக்கிறது என்று நினைத்திருப்பார்கள். அன்றைக்கு லயத்தில் சாவு விழுந்த மாதிரி இருந்தது. வீராயி தன் மரத்தைக் கட்டிக்கொண்டு அழுதாள்.

பஞ்சாலைக்கு அப்போது இருபது வயது, ரத்தம் கொதிக்கிற வயது. கணேசமூர்த்தியின் லாரிப் பெட்டியிலிருந்து ஆணி பிடுங்குகிற குறடு ஒன்றை எடுத்துக்கொண்டாள். பட்டப்பகலில், எல்லோரும் பால் நிறுக்கப் போயிருந்த நேரத்தில், கப்பல் காட்டில் நுழைந்தாள். எல்லாத் தகட்டையும் பிடுங்க நேரம் போதாது. ஆகவே ஜனங்கள் எந்தெந்த மரத்தைக் கட்டிக்கொண்டு அழுதார்களோ அந்த முப்பத்தொன்றில் மட்டும் திருகிப் பிடுங்கினாள். பிடுங்கியதையெல்லாம் ஓடையில் எறிந்தாள். கப்பல் காட்டில் ஒரு மரத்தையும் வெட்டவில்லை. தன்னால்தான் தப்பித்தது என்று இரண்டு வருஷம் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு திரிந்தாள். அந்தத் தகடு எதற்கு என்று தெரியவந்தபோது பேரேட்டைக் கறையான் தின்றிருந்தது, துரைமார்கள் மாறியிருந்தார்கள். அவள் வாயை மூடிக்கொண்டாள்.

இப்போது பாருங்கள். ஆசையோடு தேர்ந்தெடுத்த முப்பத்தொன்றும் வெட்டுக்குப் போகின்றன. யாரும் சீந்தாத அக்கேசியா பிழைத்துக்கொண்டது.

செவ்வாய்க்கிழமை முழுக்க அவள் சோறு இறங்காமல் கிடந்தாள். புதன்கிழமை காலையில் டாக்டர் மாஹிராவுக்குப் போன் போட்டாள். ஊசி போடுகிற டாக்டர் இல்லை, பல்கலைக்கழகத்தில் தாவரம் சொல்லிக்கொடுக்கிறவள். கோலா கிளாவாங்கில் சாப்பாட்டுக் கடை வைத்திருந்த மதார் மைதீனின் மகள். வருஷா வருஷம் மாணவர்களைக் கூட்டிக்கொண்டு கப்பல் காட்டுக்கு வருவாள். அன்று மத்தியானமே காரை எடுத்துக்கொண்டு வந்து சேர்ந்தாள்.

குறி போட்ட மரங்களைப் பார்க்கப் பார்க்க மாஹிராவின் முகம் கறுத்தது.

“ஆன்ட்டி, இவங்களுக்குப் புத்தி கெட்டுப்போச்சா? இந்தத் தோட்டத்துலயே நல்ல மரம் எல்லாம் இதுதான். இந்த ரெண்டு மாதிரி நம்ம நாட்டுல வேற எங்கயும் நான் பார்த்ததே இல்ல.”

“நீ டாக்டர். நீ சொன்னா கேக்க மாட்டாங்களா?”

“கேப்பாங்க. ஆனா கவுன்சில் என்னைக் கேள்வி கேக்கும். தாவரப் பூங்கான்னா வெறும் மரம் இல்ல ஆன்ட்டி. எங்கிருந்து வந்துச்சு, யார் நட்டது, எப்ப நட்டது, இதெல்லாம் தெரியணும். இல்லன்னா அது வெறும் தோப்புதான். இது பழைய கலெக்‌ஷன்ல இருந்ததுக்கு சர்க்கார் முத்திரையோட சாப்பு குத்தின கடுதாசி ஏதாவது ஒண்ணு வேணும். அதோட என் லெட்டர் போனா ஜெயிச்சிடலாம். அதுக்கும் பத்து நாளாவது ஆகும். வெட்டுறது நாளான்னைக்கு.”

அவள் பேசிக்கொண்டே வீராயி மரத்தைச் சுற்றி வந்தாள். நெஞ்சு உயரத்தில் பட்டை ஒரு பொத்தான் அளவுக்குப் புடைத்திருந்தது. அதை விரலால் தடவினாள். அடுத்த மரத்துக்குப் போனாள். அங்கேயும் அதே உயரத்தில் அதே புடைப்பு.

“ஆணி அடிச்ச தழும்பு,” என்றாள் மாஹிரா. “இதுலயும் தகடு இருந்திருக்கு. எவனோ கழட்டியிருக்கான்.”

“எவனும் இல்ல. நான்தான்.”

 மாஹிரா திட்டுவாள் என்று பஞ்சாலை எதிர்பார்த்தாள். அவள் திட்டவில்லை. வேரின்மேல் உட்கார்ந்துகொண்டு முழுக் கதையையும் கேட்டாள்.

“உங்க தப்பு இல்ல ஆன்ட்டி. சொல்லாம அடிச்சிட்டுப் போனவங்க தப்பு. யோசிச்சுப் பாருங்க. பிரேசில்லேருந்து கித்தா விதையை எடுத்துட்டுப் போய் லண்டன் பூங்காவுல முளைக்க வச்சாங்க. அந்தக் கன்றுதான் சிங்கப்பூர் பூங்காவுக்கு வந்துச்சு. அங்கேருந்துதான் இந்தத் தோட்டம் எல்லாமே. அந்தப் பூங்காவெல்லாம் இல்லன்னா கித்தா இல்ல, உங்க ஆளுங்க கப்பல் ஏறியிருக்க மாட்டாங்க, எங்க வாப்பா இங்க சாப்பாட்டுக் கடை வச்சிருக்க மாட்டாரு. அதுல எந்தத் தகட்டுல நம்ம ஆள் பேரு இருக்கு சொல்லுங்க?”

 பஞ்சாலையின் மனம் வேறிடத்தில் ஓடிக்கொண்டிருந்தது. சாப்பு குத்தின கடுதாசி. இந்த நாட்டில் யாரும் தட்ட முடியாத, சாப்பு குத்தின கடுதாசியை எவர் கேட்டாலும் எழுதித் தருகிற இடம் ஒன்று இருக்கிறது. ஐசி என்கிற அடையாள அட்டை தொலைந்தால் அங்கேதான் ஓடுகிறோம். கோழி காணாமல் போனால் அங்கேதான் ஓடுகிறோம்.

“மாஹிரா, திருட்டுப் போனதுன்னு போலீஸ் ரிப்போர்ட் இருந்தா, தகடு இருந்ததுக்கு அது அத்தாட்சிதானே?”

“ஆமா. ஆனா அப்ப யாரும் ரிப்போர்ட் பண்ணலையே.”

“அப்ப பண்ணலன்னா இப்பப் பண்ணக்கூடாதா? திருடினவ நான் உசுரோடதானே இருக்கேன்?”



வீட்டில்தான் பெரிய சண்டை. வீடு என்பது, இன்னும் இடிக்காமல் விட்டிருந்த தோட்டத்துப் பழைய ஆஸ்பத்திரிக் கட்டடத்தில் ஓர் அறை. கணேசமூர்த்தி தலையில் அடித்துக்கொண்டார்.

“ஒனக்குக் கிறுக்குப் பிடிச்சிருச்சா? திருடின்னு நீயே போய் எழுதிக் கொடுத்தா வேலை தருவானா? வீடு தருவானா? மக வீட்டுல எட்டாவது மாடியில போய் மூலையில கெடக்கணுமா? அறுபத்தாறு வயசுல எனக்கு இது தேவையா?”

“அப்ப மரத்தை வெட்டட்டுங்கிறியா?”

“மரம் நம்மதா? நமக்கு ஒரு மரம் கொடுத்தானா? மாட்டுப் பொங்கலுக்கு நாம எலை போட ஒரு வேர் உண்டா இங்க?”

“இல்லதான். அதான் போறேன். அவங்கவங்க மரத்த அவங்கவங்க பாத்துக்கிட்டாங்க, உசுர விட்டு வளத்தாங்க. கையில குறட்டை எடுத்துக்கிட்டு போய் அத்தனையும் பேரில்லாம ஆக்கினது நானு. குவார்ட்டர்ஸ் சன்னல்ல உக்காந்துக்கிட்டு அந்தக் கார் பார்க்கை தினமும் என்னால பாக்க முடியாது. நீ வரலன்னா போ, நான் பஸ்ல போறேன்.”

 வியாழக்கிழமை காலையில் அவள் சேலையைக் கட்டிக்கொண்டு வெளியே வந்தபோது கணேசமூர்த்தியின் மோட்டார் சைக்கிள் வாசலில் உறுமிக்கொண்டு நின்றது. “ஏறு,” என்றார். அவ்வளவுதான்.

போலீஸ் நிலையத்தில் கணினிக்கு முன்னால் இளவயதுச் சார்ஜன் ஒருவர் இருந்தார். அவளை மாக்சிக், அத்தை, என்று முறை வைத்து மலாயில் கனிவாகக் கேட்டார்.

“என்ன காணாமல் போனது, மாக்சிக்? ஐசியா?”

“எதுவும் காணாமல் போகவில்லை. நான் திருடிவிட்டேன். ரிப்போர்ட் எழுதுங்கள்.” அவளும் மலாயில்தான் சொன்னாள்.

“எப்போது திருடினீர்கள்?”

“ஆயிரத்துத் தொள்ளாயிரத்து எண்பத்து மூன்று.”

சார்ஜன் விசைப்பலகையிலிருந்து கையை எடுத்துவிட்டார். “நான் அப்போது பிறக்கவே இல்லையே, மாக்சிக்.”

“அதற்கு நான் என்ன செய்ய முடியும்? லேட்டாகப் பிறந்தது நீங்கள்.”

பக்கத்து மேசைக்காரர் சிரித்துவிட்டார். சார்ஜனுக்கும் சிரிப்பு வந்தது. ஆனால் பஞ்சாலை சிரிக்கவில்லை. ஒருவர் வந்து புகார் கொடுத்தால் எழுத வேண்டுமா, வேண்டாமா என்று கேட்டாள். எழுதத்தான் வேண்டும் என்றார் அவர். அப்படியானால் எழுதுங்கள் என்று நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டாள். எந்த மரத்திலிருந்து தகட்டைக் கழற்றினேன், அந்த மரம் எங்கே நிற்கிறது, எந்த நாட்டிலிருந்து வந்தது, யார் நட்டது, ஒன்றுவிடாமல் எழுத வேண்டும் என்றாள். திருட்டுப் போன சாமானை அடையாளம் சொல்லாவிட்டால் அது என்ன புகார்?

“மரத்தின் பெயர்?”

“வீராயி மரம்.”

“போக்கோக் வீராயி,” என்று, மரத்துக்கு மலாய்ச் சொல்லைப் போட்டுச் சொல்லிக்கொண்டே அவர் தட்டினார். எழுத்துக் கூட்டிக் கேட்டுத் தட்டினார்.

அடுத்தது சின்னான் மரம். பூ ஒருபக்கம், காய் பீரங்கிக் குண்டு மாதிரி அடிமரத்திலேயே தொங்கும். இலங்கைப் பெட்டியில் வந்தது. அடுத்தது அங்கம்மா மரம். சுரைக்காய் போல நீளமாகக் காய்க்கும். நட்ட வருஷம் அங்கம்மாவுக்கு இரட்டைப் பிள்ளை, இடுப்பில் ஒன்று, முதுகில் ஒன்று கட்டிக்கொண்டு தண்ணீர் ஊற்றினாள். அடுத்தது பெரிய கருப்பன் மரம். ஜப்பான்காரன் சயாம் ரயில் போடப் பிடித்துக்கொண்டு போனவன் திரும்பவில்லை, அவன் பெண்டாட்டி அதற்குப் பிறகு இருபது வருஷம் அந்த மரத்தைப் பார்த்துக்கொண்டாள். ஒவ்வொன்றாகச் சொல்லச் சொல்ல, பஞ்சாலையின் குரல் உரத்துக்கொண்டே போயிற்று. மாட்டுப் பொங்கலுக்கு இலை போட்டவர்களின் வாயிலிருந்து நாற்பது வருஷம் கேட்டுக் கேட்டு மனப்பாடம் ஆன சங்கதிகள். நிலையத்துக்கு வந்திருந்தவர்கள் இரண்டு மூன்று பேர் தங்கள் காரியத்தை விட்டுவிட்டு நின்று கேட்டார்கள்.

முப்பத்தொன்றும் முடிய மத்தியானம் ஆகிவிட்டது. சார்ஜன் விரலைச் சொடுக்கிக்கொண்டு கேட்டார்.

“இதில் உங்கள் மரம் எது, மாக்சிக்?”

“எனக்கு மரம் கிடையாது. நான் வெறும் திருடி.”

 அதுவரை சுவரோரம் கல்லாட்டம் உட்கார்ந்திருந்த கணேசமூர்த்தி எழுந்து வந்தார்.

“துவான், குறடு என்னுடையது. அதையும் எழுதிக்கொள்ளுங்கள். அவளை மட்டும் தனியாக எழுதாதீர்கள்.”

பஞ்சாலை அவரை முறைத்தாள். முறைத்த கண்ணில் தண்ணீர் நின்றது. பாவி மனுஷன், இதை நேற்றே சொல்லியிருக்கக் கூடாதா என்று நினைத்துக்கொண்டாள்.

சார்ஜன் தாளை அச்செடுத்து, சாப்பு குத்தி, கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார். விசாரணை அதிகாரி வந்து பார்க்கிற வரைக்கும் அந்த மரங்களை யாரும் தொடக்கூடாது என்றும் சொன்னார். ஒரு பிரதி அன்று மாலையே மாஹிராவின் கைக்குப் போயிற்று.

வெள்ளிக்கிழமை காலை எட்டு மணிக்கு ஐந்து பேர் செயின்சாவோடு லாரியில் வந்து இறங்கினார்கள். வீராயி மரத்தடியில் ஒரு பிளாஸ்டிக் நாற்காலி. அதில் பஞ்சாலை குடையை விரித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

“ஆன்ட்டி, எந்திரிங்க லா. ஆபத்து,” என்றான் ஹேமநாதன்.

“முதல்ல இதைப் படி.”

அவன் படித்தான். முதல் பக்கத்தில் நெற்றியைச் சுருக்கினான். இரண்டாம் பக்கத்தில் தலைக்கவசத்தைக் கழற்றினான்.

“என்ன ஆன்ட்டி பண்ணி வச்சிருக்கீங்க? நீங்களே உங்களைத் திருடின்னு...”

“ஆமா. திருடிதான். இந்த முப்பத்தொண்ணுலயும் தகடு இருந்துச்சு, நான் பிடுங்கினேன், சர்க்கார் சாப்பு குத்தியிருக்கு. இது கேஸ்ல இருக்கிற மரம். தொட்டுப் பாரு. தொட்டா நான் செஞ்ச திருட்டுக்கு நீ கூட்டாளி.”

“பாஸ் சும்மா விட மாட்டாரு. உங்க வேலை, வீடு எல்லாம்...”

“தெரியாமலா போய் எழுதிக் கொடுத்தேன்? நீ போனைப் போடு.”

போட்டான். போனுக்குள்ளிருந்து வந்த சத்தம் ஐந்து செயின்சாக்காரர்களுக்கும் கேட்டது. கம்பெனி சொத்தில் கைவைத்ததாகத் தானே ஒப்புக்கொண்டவளை இனி ஒரு நாளும் வேலைக்கு வைத்துக்கொள்ள முடியாது, மூன்று நாளில் ஆஸ்பத்திரிக் கட்டடத்தைக் காலி செய்ய வேண்டும் என்றது அந்தச் சத்தம். ஹேமநாதன் அதை அவளிடம் சொல்ல முடியாமல் கையைப் பிசைந்தான்.

“காதுல விழுந்துச்சு தம்பி,” என்றாள் பஞ்சாலை. “நீ அவங்களைத் திருப்பி அனுப்பு. பசியாறாம வந்திருப்பாங்க.”

மூன்றாம் நாள் ஜாமான்களை ஒரு வேனில் ஏற்றிக்கொண்டு பாரோய்க்குப் போனார்கள். எட்டாவது மாடியில், மகள் வீட்டில், சன்னலைத் திறந்தால் எதிர்மாடியின் துணிக்கொடிதான் தெரிந்தது. பஞ்சாலை அழுதாள். பொய் சொல்வானேன், நன்றாகவே அழுதாள். ஆனால் செய்ததற்கு வருத்தப்படுகிறாயா என்று மகள் கேட்டபோது கண்ணைத் துடைத்துக்கொண்டு, “இன்னொரு தடவைன்னாலும் போவேன்டி,” என்றாள்.

விசாரணை அதிகாரி வந்தார். முப்பத்தொரு தழும்பையும் மாஹிரா அவருக்குக் காட்டினாள். வழக்கைத் தொடர்வதற்கு ஒன்றுமில்லை என்று அவர் மூடிவிட்டார். ஆனால் எழுதியது எழுதியதுதான். மாஹிராவின் கடிதமும் ரிப்போர்ட்டும் சேர்ந்து கவுன்சிலுக்குப் போயின. மரங்கள் அப்படியே இருக்க வேண்டும், கார் பார்க்கை அந்தப் பக்கம் கொண்டுபோங்கள், காணாமல் போன தகடுகளை ரிப்போர்ட்டில் உள்ள விவரப்படி கம்பெனியே திரும்ப அடிக்க வேண்டும் என்று பதில் வந்தது. ரிப்போர்ட்டில் லத்தீன் பெயர் எங்கே இருக்கிறது? அதை மாஹிரா எழுதிக் கொடுத்தாள். மற்றதெல்லாம் சார்ஜன் எழுத்துக் கூட்டித் தட்டியபடியே தகட்டில் ஏறியது.

ஐந்து மாதம் கழித்து ஒரு ஞாயிற்றுக்கிழமை பூங்காவைத் திறந்தார்கள். பஞ்சாலை பட்டுச் சேலை கட்டிக்கொண்டு, கணேசமூர்த்தியின் மோட்டாரில் வந்து வாசலில் இறங்கினாள். ஹேமநாதன் ஓடி வந்தான்.

“ஆன்ட்டி, பாஸ் உள்ள இருக்காரு. உங்களை இங்க வேலை செய்ய விடக்கூடாதுன்னு...”

“வேலை செய்யவா வந்திருக்கேன், பட்டுச் சேலை கட்டிக்கிட்டு? வாசல்ல என்ன எழுதியிருக்கு, படி.”

“பொதுமக்கள் வரலாம்னு இருக்கு.”

“நான் பொதுமக்கள். நகரு.”

அவன் நகர்ந்தான். உள்ளே வீராயி மரத்தடியில் பெரிய கூட்டம். புதிதாக வீடு வாங்கியவர்கள், பத்திரிகைக்காரர்கள், பிள்ளைகுட்டிகள். கம்பெனி முதலாளி மைக்கைப் பிடித்துக்கொண்டு, எங்கள் கம்பெனி எவ்வளவு பாடுபட்டு இந்தப் பொக்கிஷத்தைக் காப்பாற்றியது என்று அளந்துகொண்டிருந்தார். ஒரு சீனப் பெண்மணி தகட்டருகே குனிந்து வாசித்தாள். லத்தீன் பெயர், பிரேசில், அதன்கீழே போக்கோக் வீராயி.

“யார் இந்த வீராயி?” என்று கேட்டாள்.

முதலாளி ஹேமநாதனைப் பார்த்தார். ஹேமநாதன் தரையைப் பார்த்தான். 

“தண்ணி ஊத்தினவ,” என்று பின்னாலிருந்து ஒரு குரல் வந்தது. எல்லோரும் திரும்பினார்கள். பஞ்சாலை கூட்டத்தை விலக்கிக்கொண்டு முன்னால் வந்தாள். எல்லோருக்கும் புரியட்டும் என்று அதையே மலாயில் இன்னொரு முறை சொன்னாள்.

“நீங்கள் யார்?” என்றாள் அந்தப் பெண்மணி.

“நான் இதிலிருந்த தகட்டைத் திருடியவள். வாருங்கள், மற்ற முப்பது பேரையும் காட்டுகிறேன்.”

அவள் திரும்பிப் பார்க்காமல் சின்னான் மரத்தைப் பார்த்து நடந்தாள். முதலில் அந்தப் பெண்மணி போனாள், பிறகு பிள்ளைகள், பிறகு மொத்தக் கூட்டமும். ஹேமநாதன் முதலாளியை ஒருமுறை பார்த்தான், தொப்பியைக் கழற்றிக் கையில் எடுத்துக்கொண்டு அவனும் அவர்கள் பின்னால் போனான்.